பொழுதுச் சக்கரம்

குழந்தை வந்து விழுந்ததும் மருத்துவச்சி குப்பாயி வாயை அடக்கியிருக்கலாம். அவளுக்கு அது வரவில்லை. "அடி அம்மிணி, தங்கமாட்டம் நிறைமாசத்துப் புள்ளையடி!" என்று கொடியைக் கையில் பிடித்தபடியே சந்தோஷத்தில் கத்திவிட்டாள்.

கதவுக்கு வெளியே வசந்தாமணியின் மாமியார் நின்றிருந்தாள். தங்கம் என்ற சொல் அவள் காதில் ஏறவில்லை. நிறைமாசம் என்பது ஏறியது.

தை மாசக் கடைசி முகூர்த்தத்தில்தான் வசந்தாமணிக்குக் கல்யாணம். இப்போது ஆவணி. யார் விரல் விட்டு எண்ணினாலும் ஏழு மாசத்துக்கு மேல் போகாது. ஏழு மாசத்தில் பிறக்கிற பிள்ளைகளை அந்த ஊர் பார்த்திருக்கிறது. எலிக்குஞ்சு மாதிரி இருக்கும். பஞ்சில் பொதிந்து வைப்பார்கள். பாதிக்கு மேல் தங்காது. இந்தப் பையனுக்குத் தலை நிறைய முடி, விரலைத் தாண்டி வளர்ந்த நகம், கன்னத்தில் சதை. அவன் அழுதது தெருமுனை வரை கேட்டது.

"ஏழு மாசத்துப் புள்ளை இப்படித்தான் இருக்குமா?" என்று கேட்டாள் மாமியார். குழந்தையைத் தொடக்கூட இல்லை. கேட்டுவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் போய்விட்டாள்.

பாப்பாயி தங்கையின் கால்மாட்டில் உட்கார்ந்து அவள் பாதத்தைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். அப்பனும் ஆத்தாளும் ஒரே வாரத்தில் காலராவில் போன பிறகு வசந்தாமணியை வளர்த்தது அவள்தான். கட்டிக்கொடுக்கும் வரை வசந்தாமணி இருந்தது அக்காவின் இந்த வீட்டில். படுத்தது அக்காவின் பாயில். அவளைப் பற்றித் தனக்குத் தெரியாதது ஒன்றுமில்லை என்று பாப்பாயி நினைத்திருந்தாள். ஆனாலும் குழந்தையின் நகத்தைப் பார்த்தபோது அவள் கை தேய்ப்பதை நிறுத்தியது.

தீட்டுக் கழிந்ததும் மாரியாத்தா கோயில் முன்னால் பஞ்சாயத்துக் கூடியது. நடுவில் ஊர்ப் பெரியவர் காளியண்ணன். பக்கத்தில் குடையை ஊன்றிக்கொண்டு அவருடைய பங்காளி சண்முகவேல். ராசிபுரத்திலிருந்து சேந்தமங்கலம் போகிற சாலையில் இருந்த பஞ்சு மில்லு சண்முகவேலுடையது. அக்காளும் தங்கையும் அங்கேதான் வேலை பார்த்தார்கள். பாப்பாயியின் புருசன் குழந்தைவேலுக்கும் அங்கேதான் வேலை. வசந்தாமணிக்கு வலி எடுத்ததே பருத்தியை அரைத்துக் கொட்டை பிரிக்கிற இயந்திரத்தின் பக்கத்தில்தான்.

பச்சை உடம்புக்காரி நின்றுகொண்டிருந்தாள். உட்காரச் சொல்ல அங்கே யாருக்கும் தோன்றவில்லை.

"புள்ளை யாருதுன்னு சொல்லிப்போடு அம்மிணி. சொன்னாத் தீந்துது" என்றார் காளியண்ணன்.

"எங்கூட்டுக்காரருதுங்க."

"மாசக் கணக்கு இடிக்குதே?"

"எனக்குக் கணக்குத் தெரியாதுங்க. இவியளைத் தவிர வேற யாரையும் எனக்குத் தெரியாதுங்க."

அவள் புருசன் மயில்சாமி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். வண்டியோட்டி, பொல்லாதவன் என்று சொல்ல முடியாது. வளைகாப்புக்கென்று செவ்வாய்ப்பேட்டைக்குப் போய் வளையல்கூட வாங்கி வைத்திருந்தான். அவன் வாயைத் திறக்குமுன் அவனுடைய ஆத்தாள் முந்திக்கொண்டாள்.

"கண்ணாலத்துக்கு முந்தி இவ எங்க இருந்தா? அக்கா ஊட்ல. அக்கா ஊட்ல ஆம்பளைன்னு இருந்தது யாரு? நீங்களே சொல்லுங்க."

கூட்டம் முழுவதும் குழந்தைவேலைத் திரும்பிப் பார்த்தது. அவன் எழுந்து போய்க் கற்பூரத்தை அணைத்துச் சத்தியம் செய்தான். தங்கச்சி மாதிரி வளர்ந்த பெண், கை நீட்டித் தொட்டதில்லை என்றான். அதுவரை சரி.

"அப்பக் கணக்கு எப்படி இடிக்குது? ஒரே ஊட்ல இருந்தவன், உனக்கு ஒண்ணுமே தெரியாதா?" என்று காளியண்ணன் கேட்டார்.

குழந்தைவேல் வாயைத் திறந்தான். பார்வை காளியண்ணனிடமிருந்து சண்முகவேலின் குடைக்குப் போனது. வாயை மூடிக்கொண்டான். தலை தொங்கியது.

பெண்கள் கூட்டத்தில் நின்றிருந்த பாப்பாயி அந்த வாய் திறந்ததையும் பார்த்தாள், மூடியதையும் பார்த்தாள். இவனுக்கு என்னவோ தெரியும். தெரிந்துகொண்டு மறைக்கிறான். ஒரு பொம்பளையைப் பற்றி ஓர் ஆம்பளை மறைக்கிறது வேறென்னவாக இருக்கும்?

தாலியைக் கழற்றிக் கொடுத்துவிட்டுப் போகச் சொன்னார்கள். வசந்தாமணி அழவில்லை. கழற்றிக் கோயில் படியில் வைத்தாள். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு அக்கா வீட்டுக்கே நடந்தாள்.

அந்த வீட்டில் அதன் பிறகு பேச்சு செத்துப்போனது. பாப்பாயி புருசனுக்குச் சோற்றைப் போட்டுத் தட்டைக் காலால் தள்ளாத குறையாக நகர்த்தினாள். தங்கை குழந்தையைக் குளிப்பாட்டும்போது கிட்டே போய் உட்கார்ந்து அந்தச் சின்ன முகத்தில் தன் புருசன் சாடையைத் தேடினாள். மூக்கைப் பார்த்தாள், நெற்றியைப் பார்த்தாள். தேடித் தேடிக் கடைசியில் கண்டுபிடித்தது காதை. சோணை தொங்காமல் கன்னத்தோடு ஒட்டியிருக்கிற காது. அது மயில்சாமியின் காது. அவனுக்கும் அப்படித்தான், அவன் ஆத்தாளுக்கும் அப்படித்தான். காதைச் சாட்சி சொன்னால் பஞ்சாயத்துக் கேட்காது, மாசக் கணக்கு ஏன் இடிக்கிறது என்பதும் விளங்கவில்லை.

பாப்பாயி தன்னையே அறைந்துகொள்ள வேண்டும் போல இருந்தது. "என்னக்கா பாக்கறே?" என்று வசந்தாமணி கேட்டாள். "ஒண்ணுமில்ல கண்ணு" என்று குழந்தையை வாங்கி மடியில் போட்டுக்கொண்டாள். தங்கை மேல் இருந்த கோபம் அப்போதே அவிந்துவிட்டது. புருசன் மேல் இருந்தது அவியவில்லை. அவன் தப்புச் செய்யவில்லை, சரி. அப்படியானால் எதற்காக வாயை மூடினான்?

கேட்டாள். குழந்தைவேல் சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டான்.

வேலைக்குப் போகாமல் வயிறு நிறையாது. பாப்பாயி மறுபடி மில்லுக்குப் போனாள்.

போன தை மாசத்திலிருந்து மில்லில் சில மாற்றங்கள். பெண்களை இத்தனை மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது என்று சர்க்கார் புதிதாகச் சட்டம் போட்டு, சேலத்திலிருந்து ஒரு இன்ஸ்பெக்டர் கையில் கடிகாரத்தோடு வாசல் வரை வந்து போக ஆரம்பித்திருந்தார். மற்ற முதலாளிகள் சட்டத்தைத் திட்டினார்கள். சண்முகவேல் திட்டவில்லை. சங்கு ஊதினால் கதவைத் திற, சங்கு ஊதினால் ஆளை வெளியே விடு என்று கறாராக நடந்துகொண்டார். முன்பெல்லாம் இருட்டின பிறகு வீட்டுக்குப் போனவர்கள் இப்போது வெயில் இருக்கும்போதே போனார்கள். அதுவும் போதாதென்று, காலை வேலைக்கு நடுவே கொட்டகைக்குள்ளேயே ஆளுக்கொரு சட்டி கம்பங்கூழ் ஊற்றினார். "தருமவான்" என்று பெண்கள் சொல்லிக்கொண்டார்கள். பாப்பாயியும் சொல்லியிருக்கிறாள்.

ஜன்னல்களுக்கெல்லாம் தகரம் அடித்திருந்தது. பஞ்சு வெளியே பறக்கிறது, வெளியிலிருந்து தீப்பொறி உள்ளே வரும் என்று காரணம் சொன்னார்கள். கதவுக்கு உள்தாழ்ப்பாள், தாழ்ப்பாள் பக்கத்தில் மேஸ்திரி. கொட்டகைக்குப் பின்புறம் புதிதாக ஒரு செங்கல் அறை கட்டினார்கள். இஞ்சினுக்குத் தண்ணீர் போகிற தொட்டி அங்கே இருக்கிறது, அதைப் பார்த்துக்கொள்வதுதான் வேலை என்று குழந்தைவேல் பெண்டாட்டியிடம் சொல்லியிருந்தான்.

பாப்பாயிக்கு எட்டு மாசம் நிரம்பிய ஒரு பெண் குழந்தை. மில்லு வாசலில் புளியமரத்தடியில் தூளி கட்டிக் குப்பாயியின் பொறுப்பில் விட்டுவிட்டு உள்ளே போவாள். மத்தியானச் சங்கு ஊதி வெளியே வரும்போது மார் கல்லாகக் கட்டி மாராப்பெல்லாம் நனைந்திருக்கும். குழந்தையோ பாதிப் பாலைக் குடித்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்ளும். "இப்பத்தானே அம்மிணி குடுத்துட்டுப் போனே" என்பாள் குப்பாயி. தனக்குத்தான் உடம்பில் ஏதோ கோளாறு என்று பாப்பாயி நினைத்திருந்தாள். பிழிந்து மரத்தடியில் ஊற்றிவிட்டு வேலைக்கு ஓடுவாள். பக்கத்து இயந்திரத்துக் கந்தம்மாள், மருதாணி பூசிய நரை முன்னைவிடச் சீக்கிரமாக வேரில் வெளுக்கிறதென்று அலுத்துக்கொண்டாள். யாருக்கும் எப்போதும் பசி. உழைப்பு அப்படி என்று நினைத்துக்கொண்டார்கள்.

பஞ்சாயத்து முடிந்த பிறகு ஒருநாள் காலை, கூழ் குடித்து முடித்த கொஞ்ச நேரத்தில் பாப்பாயிக்கு மார் வெடித்துவிடும் போல வலித்தது. கையைத் தூக்க முடியவில்லை. கூடையைப் போட்டுவிட்டுக் கதவுப் பக்கம் போனாள்.

"சங்கு ஊதலை" என்றான் மேஸ்திரி.

"தெரியுங்க. புள்ளைக்குப் பால் குடுத்துட்டு வாரேன்."

"முதலாளி உத்தரவு. சங்குக்கு முந்தி ஆரையும் விடக்கூடாது."

"உங்க முதலாளிக்கு மாரு கட்டுமா?" என்றாள் பாப்பாயி. மேஸ்திரி சிரித்தான். அந்தச் சிரிப்புதான் கெடுத்தது. பல நாளாக உள்ளே கிடந்து புகைந்ததெல்லாம் அவளுடைய இரண்டு கைக்கும் வந்தது. அவன் நெஞ்சில் கையை வைத்துத் தள்ளினாள். பஞ்சுக் குவியலில் அவன் மல்லாந்து விழ, தாழ்ப்பாளை இழுத்துக் கதவைத் திறந்து வெளியே கால் வைத்தாள்.

நிலைப்படியைத் தாண்டும்போது இரண்டு காதும் அடைத்துத் திறந்தன. வெளியே வெயில் ஏறவே இல்லை. கொல்லிமலைக்கு மேலே சூரியன் இப்போதுதான் ஒரு பனை உயரம் வந்திருந்தது. அவள் உள்ளே வந்து, ஒரு கட்டுப் பருத்தியை அரைத்து முடித்து, கூழ் குடித்து, அடுத்த கட்டில் பாதியும் முடித்தாயிற்று. வெளியில் வாசல் தண்ணீர்கூட இன்னும் காயவில்லை.

"என்ன அம்மிணி, மறந்துட்டுப் போனியா எதையாச்சும்?" என்று மரத்தடியிலிருந்து குப்பாயி கேட்டாள். "புள்ளை வாயில பால் ஈரம்கூடக் காயலை, அதுக்குள்ள வந்துட்டே?"

பாப்பாயி பதில் சொல்லவில்லை. பின்னாலிருந்து ஒரு சத்தம். உள்ளே இருக்கும்போது டுப் டுப் என்று நிதானமாக அடிக்கிற இஞ்சின், வெளியே வண்டு இரைகிற மாதிரி இரைந்தது. திரும்பிப் பார்த்தாள்.

திறந்த கதவுக்குள் பெண்கள் வேலை செய்துகொண்டிருந்தார்கள். அவர்களுடைய கைகள் தெரியவில்லை. கை இருக்க வேண்டிய இடத்தில் காற்று நடுங்கியது. தலைகள் பல்லி வால் மாதிரித் துடித்தன. கந்தம்மாள் குனிந்தாள், நிமிர்ந்தாள், குனிந்தாள். பாப்பாயி ஒரு மூச்சு விடுவதற்குள் அவள் கூடை காலியாகிவிட்டது. பஞ்சுக் குவியலிலிருந்து மேஸ்திரி எழுந்தது தெரியவில்லை, கதவுக்கு வந்தது தெரியவில்லை, பூச்சி மாதிரிப் பறந்து வந்தவன் நிலைப்படியைத் தாண்டியதும் மனுசனாகி, "ஏ புள்ளே!" என்றான்.

அவள் அவனைப் பார்க்கவில்லை. வாசலில் எடை மேடைக்குப் பக்கத்தில் பருத்திப் பொதி ஏற்றி வந்த வண்டி நின்றிருந்தது. வண்டியோட்டி மயில்சாமி. பாப்பாயியைக் கண்டதும் மூஞ்சியைத் திருப்பிக்கொண்டு மாட்டின் கழுத்தைத் தடவினான்.

"மாப்பிள்ளை, இங்க வாங்க."

"நமக்குள்ள என்னங்கக்கா பேச்சு இனி..."

பாப்பாயி போய் அவன் மணிக்கட்டைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்து கதவுக்கு முன்னால் நிறுத்தினாள். "பாரு. நல்லாக் கண்ணைத் தெறந்து பாரு. உம் பொண்டாட்டி தையிலிருந்து இதுக்குள்ளதான் இருந்தா. இங்க வெளிய ஒரு பொழுது போனா அங்க ரெண்டு பொழுது போகுது. வயித்துல இருந்த புள்ளையும் அங்கதான் இருந்துச்சு. இப்ப எண்ணு மாசத்தை."

மயில்சாமி பார்த்தான். முதலில் அவனுக்குப் புரியவில்லை. பிறகு தரையிலேயே உட்கார்ந்து விரலை மடக்கி மாசத்தை எண்ணினான்.

பாப்பாயி கொட்டகையைச் சுற்றிக்கொண்டு பின்புறம் போனாள். செங்கல் அறையின் கதவைக் காலால் உதைத்தாள்.

உள்ளே தண்ணீர்த் தொட்டி இல்லை. சுவரோரம் ஒரு மேடையில் அண்டா அளவுக்கு ஒரு இரும்புப் பெட்டி. நெருப்பு இல்லை, பெல்ட்டு இல்லை. தேன்கூட்டில் காதை வைத்த மாதிரி ஒரு முனகல். பெட்டியின் பக்கத்தில் தேர்ச்சக்கரம் போல ஆரக்கால் வைத்த சக்கரம். அதன் மேல் கையை வைத்தபடி முக்காலியில் குழந்தைவேல் உட்கார்ந்திருந்தான். நிதானமாக, களைப்பில்லாமல், மரநிழலில் உட்கார்ந்திருப்பவன் மாதிரி.

அவளைக் கண்டதும் எழுந்தான்.

"இதுதான் தண்ணித் தொட்டியா?" என்று கேட்டாள்.

"பாப்பாயி, சத்தம் போடாதே..."

"இது என்ன?"

"கோயமுத்தூர்ப் பக்கமிருந்து ஒருத்தர் கொண்டாந்து மாட்டிக் குடுத்துட்டுப் போனாரு. எப்படி ஓடுதுன்னு முதலாளிக்கே தெரியாது. சங்கு ஊதுனதும் சக்கரத்தைத் திருப்பணும். மறு சங்குக்கு முந்தி பழையபடி விட்டுடணும். அவ்வளவுதான் என்ர வேலை. கொட்டகைக்குள்ள மட்டும் பொழுது காலையில பறக்கும், வெயில் ஏற ஏற அடங்கும், மொத்தத்துல ரெண்டாப் போகும். ஒண்ணும் ஆகாதுன்னாரு. ஆளுங்களுக்குக் கெடுதல் இல்லைன்னாரு."

"நான் உள்ள இருந்தேன்."

"தெரியும்."

"வசந்தா வயித்துப் புள்ளையோட உள்ள இருந்தா."

குழந்தைவேல் நகர்ந்து பெட்டியை மறைத்து நின்றான்.

"அவளைக் கோயில் முன்னால நிறுத்துனாங்க. தாலியைக் கழட்டுனா. உன்னையே கை காட்டுனாங்க. வாயைத் தெறந்தியே, அப்பவே சொல்லியிருந்தா என்ன? நானும் அவளைச் சந்தேகப்பட்டேன். என் கையால வளத்தவ, அவ புள்ளை மூஞ்சில உன் மூஞ்சியைத் தேடுனேன். நீ பாத்துக்கிட்டுச் சோறு தின்னே."

கல்யாணமான நாளிலிருந்து அவனை நீங்க என்று மட்டுமே அழைத்தவள். நீ என்ற சொல் அவனை அடித்த மாதிரி இருந்தது. ஒரு அடி பின்னால் போனான்.

"சொன்னா வேலை போயிரும்னாரு முதலாளி, பாப்பாயி. வேலை மட்டுமில்ல, ஊர்லயே இருக்க முடியாதுன்னாரு. எனக்கு என்ன பண்றதுன்னு தெரியலை."

"உனக்குத் தெரியலை. அதனால எங்க ஆயுசுல கையை வெச்சே."

வெளியே மேஸ்திரி போட்ட கூச்சலில் சண்முகவேல் குடையோடு வந்துவிட்டார். அறை வாசலில் நின்று உள்ளே பார்த்தார். பதறியதாகத் தெரியவில்லை.

"பாப்பாயி, கோபப்படாம கேளு" என்றார், சின்னப் பிள்ளைக்குச் சொல்வது போல. "முன்னெல்லாம் இருட்டுல ஊட்டுக்குப் போனீங்க. இப்ப வெளிச்சத்துல போறீங்க. புள்ளைகளோட இருக்கறீங்க. சட்டத்துல சொன்ன மணிக்கு மேல ஒரு நிமிசம் உங்களை நிறுத்துனேனா? பசிக்குமேன்னு கூழ் ஊத்துனேன். இதுல உனக்கு என்ன நட்டம்?"

பாப்பாயி அவரையே பார்த்தாள். இந்த மனுசனுக்குத் தெரிந்திருக்கிறது. இரண்டு தடவை பசிக்கும் என்று தெரிந்துதான் கூழ் ஊற்றியிருக்கிறார். தருமவான் என்று சொன்ன தன் நாக்கை அறுத்துப்போடலாம் போல இருந்தது.

"என் தங்கச்சி நின்னப்ப நீங்க பக்கத்துலதான் உக்காந்திருந்தீங்க" என்றாள்.

"அது குடும்ப விசயம். நான் எப்படி நடுவுல பேசறது?"

அதற்கு மேல் அவள் கேட்கவில்லை. அவரைத் தோளால் இடித்துக்கொண்டு வெளியே போனாள். எடை மேடையில் பெரிய இரும்பு எடைக்கல் இருந்தது. ஆம்பளைகளே இடுப்பை வளைத்துத் தூக்குகிற கல். அதை அவள் தூக்கினாள். நெஞ்சோடு அணைத்து, பால் நனைந்த மாராப்பின் மேல் வைத்துக்கொண்டு திரும்பி வந்தாள். சண்முகவேல் குடையைக் குறுக்கே நீட்டினார். "புடிங்கடா அவளை!" என்றார். மேஸ்திரி ஓடி வந்தான். தரையில் உட்கார்ந்திருந்த மயில்சாமி எழுந்து அவன் இடுப்பைக் கட்டிக்கொண்டு கீழே உருண்டான்.

குழந்தைவேல் பெட்டிக்கு முன்னால் நின்றிருந்தான். பெண்டாட்டியைப் பார்த்தான். பிறகு விலகி நின்றான். அவன் செய்தது அவ்வளவுதான்.

முதல் அடியில் ஆரக்கால் முறிந்தது. அடுத்த அடியில் பெட்டியின் பக்கம் பிளந்து, முனகல் நாய் ஊளையிடுகிற மாதிரி உயர்ந்து, நின்றது. உள்ளே பல்சக்கரங்களும் பித்தளைத் தகடுகளும் இருந்தன. அவள் நிறுத்தவில்லை. எது எதுவென்று தெரியாமல் போகும் வரை அடித்தாள். பிறகு கல் தானாகவே கையிலிருந்து நழுவி விழுந்தது.

வண்டு இரைச்சல் அடங்கி இஞ்சின் டுப் டுப் என்று அடிக்கத் தொடங்கியது. கதவு திறந்து கிடந்ததால் பெண்கள் ஒவ்வொருவராக வெளியே வந்தார்கள். மத்தியானம் ஆகியிருக்கும் என்று கண்ணுக்கு மேல் கையை வைத்தபடி வந்தவர்கள் காலை வெயிலைப் பார்த்து நின்றார்கள். பாப்பாயி சொன்னாள். மூச்சு வாங்கிக்கொண்டே, நடு நடுவே இருமிக்கொண்டே சொன்னாள். யாரும் சந்தேகப்படவில்லை. அவரவர் உடம்பு முன்பே சொல்லியிருந்தது. காது கொடுத்துக் கேட்காதது அவர்கள்தான்.

கந்தம்மாள் முடிந்திருந்த கொண்டையை அவிழ்த்து முன்னால் போட்டுப் பார்த்தாள். மருதாணிக்குக் கீழே வெள்ளையாக வளர்ந்திருந்த வேரைப் பார்த்தாள். பிறகு சண்முகவேலிடம் போனாள்.

"குடுங்க" என்றாள்.

"என்னத்தைக் குடுக்கறது?"

"எடுத்ததைக் குடுங்க."

சண்முகவேல் குடையை ஊன்றிக்கொண்டு நிமிர்ந்தார். போலீசைக் கூப்பிடுவேன் என்றார். "கூப்புடுங்க" என்றாள் பாப்பாயி. "என்ன சாமான் ஒடைஞ்சுதுன்னு கேப்பாங்க. சொல்லுங்க." அவர் போலீசைக் கூப்பிடவில்லை. அன்றைக்கும் கூப்பிடவில்லை, பிறகும் கூப்பிடவில்லை.

பெண்கள் அப்படியே கோயிலுக்குப் போனார்கள். காளியண்ணனை வரவழைத்தார்கள். அவர் வந்து, இத்தனை பெண்களையும் பார்த்து, "ஒடைஞ்ச இரும்பைக் காட்டிப் பொம்பளைங்க கதை கட்டுனா ஊர் கேக்குமா?" என்றார். பாப்பாயி திரும்பிப் புருசனைப் பார்த்தாள். கூட்டத்துக்குப் பின்னால் நின்றிருந்த குழந்தைவேல் முன்னால் வந்தான். முழுக்கச் சொன்னான். சக்கரத்தைத் திருப்பியது தன் கைதான் என்றான். பஞ்சாயத்தில் வாயை மூடியது பயத்தினால் என்றான். "நான் என்ர கண்ணால பாத்தேனுங்க" என்றான் மயில்சாமி.

காளியண்ணன் மீசையைத் தடவினார். "சரி, அப்படின்னாக் கணக்கு நேராயிருச்சு. மயில்சாமி, தாலியை எடுத்துப் பொண்டாட்டி கழுத்துல கட்டிக் கூட்டிட்டுப் போ" என்றார். கழற்றச் சொன்னபோது எவ்வளவு எளிதாகச் சொன்னாரோ அதே எளிதாக.

மயில்சாமி தாலியோடு பாப்பாயியின் வீட்டுக்கு வந்தான். பின்னால் அரை ஊர். வசந்தாமணி பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு வாசலுக்கு வந்தாள். அவன் எல்லாவற்றையும் சொன்னான். மன்னித்துவிடு என்றான். குழந்தையைத் தொடக் கையை நீட்டினான். அவள் ஒரு அடி பின்னால் போனாள்.

"நான் சொன்னப்ப நீங்க நம்பலை" என்றாள்.

"அப்பத் தெரியாது வசந்தா. இப்பத்தான் அந்தப் பெட்டியை..."

"ஆமாங்க. இரும்பு சொன்னா நம்பறீங்க. நான் மாரியாத்தா முன்னால நின்னு சொன்னேன், நம்பலை. நாளைக்கு இன்னொருத்தர் இன்னொண்ணு சொன்னா? அப்ப எந்தப் பெட்டியை ஒடைச்சு உங்களுக்குக் காட்டறது?"

"ஊர் சொல்லுதில்ல, போ அம்மிணி" என்று குப்பாயிகூடச் சொன்னாள். பாப்பாயிக்கும் முதலில் அப்படித்தான் தோன்றியது. இவ்வளவு அடித்து உடைத்தது இவள் புருசன் வீட்டுக்குத் திரும்பத்தானே? தங்கையின் மேல் சுருக்கென்று கோபம் வந்தது. பிறகு வசந்தாமணியின் கழுத்தைப் பார்த்தாள். கயிறு கிடந்த இடத்தில் இன்னும் தடம் இருந்தது. பார்த்துக்கொண்டே நின்றாள். பிறகு வாசலில் இறங்கி மயில்சாமிக்கும் தங்கைக்கும் நடுவில் நின்றாள்.

"அவ வரமாட்டா மாப்பிள்ளை. போங்க" என்றாள்.

மில்லு கொஞ்ச நாள் மூடிக்கிடந்தது. பிறகு திறந்தார்கள். தகரத்தைப் பிடுங்கினால்தான் உள்ளே கால் வைப்போம் என்று கந்தம்மாள் முதலானவர்கள் கேட்டில் நின்றதில் ஜன்னல்களைத் திறந்துவிட்டார்கள். சண்முகவேலுக்கு ஒன்றும் ஆகவில்லை. அடுத்த வருசக் கோயில் பண்டிகையில் அவர்தான் முதல் மரியாதை வாங்கினார். எடுத்ததை யாருக்கும் திருப்பிக் கொடுக்கவுமில்லை. கொடுக்க அவரிடம் வழியுமில்லை.

பாப்பாயியை மில்லில் சேர்க்கவில்லை. அவளும் கேட்கவில்லை. தங்கையையும் இரண்டு பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு சேலத்துக்குப் போனாள். செவ்வாய்ப்பேட்டைக்குப் பக்கத்தில் ஒரு சந்தில் அறை பிடித்து, தறிக்காரர்களுக்கு நூல் இழைத்துக் கொடுத்தார்கள். வாசல் கதவைச் சாத்துவதே இல்லை. வெயில் எங்கே இருக்கிறது என்று தலையை நீட்டிப் பார்க்காமல் பாப்பாயியால் ஒரு கண்டு நூல் சுற்ற முடியாது.

குழந்தைவேல் அவ்வப்போது வருவான். மில்லை விட்டுவிட்டு ஆத்தூரில் ஒரு ரைஸ்மில்லில் மூட்டை தூக்குவதாகச் சொன்னான். தோளெல்லாம் காய்த்துப் போயிருந்தது. மகளுக்குப் பொரி உருண்டை கொண்டுவருவான். முதல் தடவை வந்தபோது நெடுநேரம் வாசலிலேயே நின்றான்.

"எத்தனை நாளைக்கு இப்படி?" என்று கேட்டான்.

"தெரியலை" என்றாள் பாப்பாயி. நூல் அறுந்துபோயிருந்தது. முனையை நாக்கில் நனைத்து முறுக்கிச் சேர்த்துக்கொண்டே, "நீ கேக்காதே" என்றாள்.

பிறகு எழுந்து போய் அவனுக்குச் சோறு போட்டுக்கொண்டு வந்து வைத்தாள். அவன் தின்று முடிக்கும் வரை அங்கேயே நின்றாள். உள்ளே வரச் சொல்லவில்லை.